பாஞ்சாலை மண் வாரித் தூற்றிய பன்னிரண்டு பௌர்ணமிகள்

பௌர்ணமிக்குப் பௌர்ணமி கிரிவலக் கூட்டத்தோடு வரும் பாஞ்சாலை, அடி அண்ணாமலையில் கொழுந்தன் திருமலையின் இளநீர்க் கடை வாசலில் மட்டும் நின்றுவிடுவாள். குனிந்து இரண்டு கையாலும் மண்ணை வாரித் தூற்றுவாள்.

"எம் புருசன் செத்த ஈரம் காயறதுக்குள்ள எட்டு சென்ட்டையும் உம் பேர்ல எழுதிக்கினியேடா! பன்னெண்டு பௌர்ணமி சுத்தறேன். அதுக்குள்ள உன் கையும் காலும் வெளங்காம போவுதா இல்லியா பாரு!"

"தொண்ட காயப் போவுது அண்ணி, இளநி வெட்டட்டுமா?" என்று திருமலை சிரிப்பான்.

அந்தக் கடை நின்ற மனை அவள் கணவன் வாங்கியது. திருமலை காட்டிய பத்திரத்தை நம்பி முன்சீப் கோர்ட் அவன் பக்கம் தீர்ப்புச் சொல்லிவிட்டது. அவளுடைய வக்கீல் நந்தினி அன்றைக்கே படித்துப் படித்துச் சொன்னார்.

"முப்பது நாள்தாம்மா கெடு. அதுக்குள்ள அப்பீல் போட்டுடணும். அந்தக் கையெழுத்து உங்க வீட்டுக்காரரு போட்டதே இல்ல. அப்பீல்ல உடைச்சிடலாம்."

"மனுசங்க கோர்ட்ட பாத்துட்டேன். இனிமே அண்ணாமலையார் கோர்ட்டுதான்" என்று பாஞ்சாலை கிளம்பிவிட்டாள்.

பன்னிரண்டு பௌர்ணமியும் முடிந்தது. திருமலைக்குத் தலைவலிகூட வரவில்லை. கடைக்கு மேலே மாடிதான் எழும்பியது. அதைப் பார்த்த வயிற்றெரிச்சலில் மறுபடி வக்கீலிடம் ஓடினாள்.

"முன்னூத்தி முப்பது நாள் லேட்டு. தாமதத்த மன்னிக்கச் சொல்லித் தனியா ஒரு மனு போடணும். ஏன் வரல, நெசத்தச் சொல்லுங்க."

"மஞ்சக்காமாலைங்க. படுத்த படுக்கையா கெடந்தேன்."

வேண்டுதல் என்றால் கோர்ட்டில் சிரிப்பார்கள் என்று தானாகவே முடிவு கட்டி, தெரிந்த டாக்டரிடம் சர்டிபிகேட்டும் வாங்கி வந்திருந்தாள். வக்கீலும் நம்பிவிட்டார்.

விசாரணையன்று சத்தியம் செய்து அதையே சொன்னாள். திருமலையின் வக்கீல் லேப்டாப்பைத் திறந்தார். கடை வாசல் கேமராவில் பதிந்தது, தேதியோடு ஓடியது. பன்னிரண்டு தடவையும் பாஞ்சாலை கொசுவத்தை இழுத்துச் செருகிக்கொண்டு திடமாக நின்று மண்ணை வாரினாள்.

நீதிபதி கண்ணாடியைக் கழற்றினார்.

"எத்தனை நாள் தாமதம்ங்கிறத விட, சொல்ற காரணம் உண்மையாங்கிறதத்தான் கோர்ட் பாக்கும்மா. புரியாம வேண்டுதல்ல இருந்துட்டேன்னு சொல்லியிருந்தா யோசிச்சிருப்பேன். பொய்ய மன்னிக்க முடியாது."

மனு தள்ளுபடி. அதோடு அப்பீலும் போயிற்று. கள்ளக் கையெழுத்தை யாரும் திரும்பிப் பார்க்கவே இல்லை.

"ஹைகோர்ட்டுக்குப் போனாலும் இந்தப் பொய் கூடவே வரும்மா" என்று நந்தினி வழக்குக் கட்டை மூடினார்.

வெளியே திருமலை காத்திருந்தான். "அடுத்த பௌர்ணமிக்கு வருவ இல்ல அண்ணி? கேமராவத் தொடச்சி வெக்கிறேன்."

பாஞ்சாலைக்கு உடம்பெல்லாம் எரிந்தது. அவனைத் தாண்டி நடந்தாள்.

வாசலில், கோர்ட்டுக்கு வந்து பழக்கமான கீழ்பென்னாத்தூர் சரசு, தன் வழக்கும் தோற்றுப்போய் அழுதுகொண்டிருந்தாள். "என்ன ஏமாத்துனவன எங்க கொலசாமி கேக்கட்டும், நான் வூட்டுக்குப் போறேன்."

பாஞ்சாலை அவள் மணிக்கட்டைப் பிடித்து நிறுத்தினாள்.

"தீர்ப்பு என்னிக்கு?"

"இன்னிக்குத்தாங்க்கா."

"சாமி அப்புறம் கேக்கும். நீ இப்பவே போயி தீர்ப்பு நகலுக்கு எழுதிக் குடு. முப்பது நாளுக்குள்ள அப்பீல் போடு. தப்பித் தவறி லேட்டாயிட்டா, உள்ளத உள்ளபடி சொல்லு. நான் ஆத்திரத்துல கெடுவ விட்டேன், பொய்யச் சொல்லி நெலத்தையும் விட்டேன். அவன அழிக்கணும்னு வெறி இருந்தா தேதியப் புடிடி, சாபம் வுடாத. நட, வக்கீலு கெளம்பிடப் போறாங்க!"