நாற்பத்திரண்டாம் பக்கத்துச் சனிக்கிழமை

இருநூறு பிரதிகளில் நூற்றறுபதில் சீட்டை ஒட்டி முடித்தபோது ஜோயாவின் விரலெல்லாம் பசை. 'பக்கம் 42: சனிக்கிழமை என்பதை வெள்ளிக்கிழமை என்று திருத்தி வாசிக்கவும்.' புத்தம்புது நாவலின் கடைசிப் பக்கத்தில் இப்படியொரு மானக்கேடு. கிரேக்கத் துறைமுக நகரான தெசலோனிக்கியில் பிறந்து வளர்ந்த யூதப் பெண், மூன்று நாவல் எழுதியவள், தன் கதாநாயகனான துறைமுகச் சுமைகூலி சவூலை 1909ஆம் வருடத்துச் சனிக்கிழமை ஒன்றில் மாவு மூட்டை இறக்க வைத்துவிட்டாள். அந்தக் காலத்தில் சனிக்கிழமை என்றால் இந்த ஊர்த் துறைமுகமே பூட்டிக் கிடக்கும். மூட்டை தூக்குகிறவர்கள் எல்லாம் நம் யூத ஜனங்கள்; சனிக்கிழமை வேலையே தொடக்கூடாத ஓய்வுநாள். எந்தக் கொம்பன் கப்பலாக இருந்தாலும் ஓய்வுநாள் முடியும்வரை கடலில் நிற்க வேண்டியதுதான். இதை இங்கே பால்குடி மறக்காத பிள்ளைகூடச் சொல்லும்.

ஆறு வருடம் எழுதி, நாலு தடவை மெய்ப்புப் பார்த்தும் கண்ணில் படாதது, மாலை வெளியீட்டு விழாவில் வாசிக்கப் பக்கம் தேடிய இன்று காலையில் பட்டுத் தொலைத்தது.

யார் கவனிக்கப் போகிறார்கள் என்றான் கணவன் ஸ்டெலியோஸ். "பேப்போ மாமா" என்றாள் ஜோயா. அவனும் ஒரு பசைத் தூரிகையை எடுத்துக்கொண்டான்.

பேப்போ அவள் அம்மாவுக்கு ஒன்றுவிட்ட தம்பி. மருந்துக்கடை வைத்திருந்து ஓய்வு பெற்றவர். போன நாவலின் விழாவில் எழுந்து நின்று பதினோரு பிழைகளை ஒவ்வொன்றாகப் படித்தார் மனிதர். யூதக் கல்யாணப் பந்தியில் ஒன்றாகப் பரிமாறவே கூடாத இறைச்சிக்குப் பக்கத்தில் பாலாடைக்கட்டி வைத்தது உட்பட. கழிப்பறைக்குள் போய் அழுதாள் அன்றைக்கு. இன்றும் சொந்த ஜனங்கள் முன்னால் அப்படி நடந்தால் பேனாவை மூடிவிடுவது என்று முடிவே செய்திருந்தாள். வேண்டுமென்றே எழுதியது, அது ஒரு குறியீடு என்று சமாளித்துவிடுங்கள் என்று பதிப்பாளர் தொலைபேசியில் யோசனை சொன்னார். பொய் சொல்லி மாமாவிடம் தப்ப முடியுமா என்ன.

மாமா ஒரு மணி நேரம் முன்னதாகவே சமூகக் கூடத்துக்கு வந்து, வாசலில் பிரதி வாங்கி, முன்வரிசையில் உட்கார்ந்து படித்துக்கொண்டிருந்தார். அவள் வேறொரு அத்தியாயத்தை வாசித்து முடித்ததும் எழுந்தார்.

"ஏம்மா ஜோயா, கடைசியில இந்தச் சீட்டு எதுக்கு?"

"தப்பா எழுதிட்டேன் மாமா. கவனக்குறைவு. வேற காரணம் ஒண்ணும் இல்ல."

"அப்போ உன்கிட்ட யாரும் சொல்லலியா?"

"எத மாமா?" என்றாள். அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"எங்க தாத்தா ஒரு சனிக்கிழமை கப்பல்ல ஏறியிருக்காரு. பாட்டி மலேரியாவுல கெடக்கா. மருந்து கப்பல்ல, கப்பல் கடல்ல. மறுநாள் வரைக்கும் தாங்க மாட்டாள்னுட்டாரு டாக்டர். தனியாப் படகுல போய், பெட்டியத் தோள்ல தூக்கிட்டு வந்துட்டாரு."

உயிர் காக்க ஓய்வுநாளை மீறலாம் என்று தாத்தாவுக்கும் தெரியும்தான். ஆனாலும் கூட மூட்டை தூக்குகிறவர்கள் முகத்தில் எப்படி விழிப்பது என்று மூடி மறைத்து, சாகும்போதுதான் மகனிடம் சொன்னாராம். மகன் பேப்போவிடம். பேப்போ யாரிடமும் சொல்லவில்லை.

"நாப்பத்திரண்டாம் பக்கம் வந்ததும், அப்பா வேற யாருக்கும் சொல்லியிருப்பாரு, அவங்க உன்கிட்ட சொல்லிட்டாங்கன்னு நெனச்சேன். அப்பாடா, இனி நாம சொல்ல வேண்டியதில்லன்னு இருந்துச்சு. கடைசியப் புரட்டினா இது." அவர் குரல் இறங்கியது. "அத எடுத்துடும்மா."

ஜோயாவுக்கு வயிற்றில் பால் வார்த்தது போலிருந்தது. நாற்காலியை இழுத்து உட்கார்ந்தாள். சிரிப்பும் அழுகையும் சேர்ந்து வந்தன. மாமா சீட்டை நகத்தால் மெல்ல உரித்து, மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு, "அந்தப் பக்கத்த வாசி" என்றார்.

அவள் நாற்பத்திரண்டாம் பக்கத்தைத் திறந்தாள். "சனிக்கிழமை விடிந்ததும் சவூல் கரைக்கு இறங்கினான்" என்று தொடங்கியபோது, பின்வரிசையில் யாரோ காகிதம் உரிக்கும் சத்தம் கேட்டது. அதற்குப் பக்கத்தில் இன்னொன்று. பிறகு கூடம் முழுக்க.