திரும்பி எடுத்த படம்

தும்னாவுக்கு ஒரு பழக்கம். எங்கே நின்று படம் எடுத்தாலும், எடுத்த கையோடு திரும்பி நின்று வந்த வழியையும் ஒன்று எடுத்துவிடுவாள். நல்ல வெளிச்சம் பாதி நேரம் முதுகுக்குப் பின்னால்தான் இருக்கும் என்பது அவள் கண்ட உண்மை. சலாலா மலையில், மழைக்காலப் பச்சைக்கு நடுவே, அன்று காலை முழுக்க அவளுடைய அண்ணன் முசல்லத்துக்கு அதுதான் வேடிக்கை.

"சும்மா டக்கு டக்குனு! பின்னால யாருடி, மாப்பிள்ளையா?"

"உன் தொப்பை மறைக்காத பக்கம் அது ஒண்ணுதாண்ணே."

மலை விளிம்பிலிருந்து கீழே கடலையும், வழக்கம்போல் திரும்பி வந்த வழியையும் அவள் படமெடுத்ததும், தள்ளி நிறுத்தியிருந்த வண்டிக்குத் திரும்பினார்கள். விளிம்புக்குப் பக்கத்தில் நின்ற காட்டத்தி மரத்தைத் தாண்டியதுமே பனி இறங்கிவிட்டது. நீட்டிய கை மங்கலாகத் தெரிந்தது. அந்த நேரம் பார்த்து ஒரு மாட்டுக் கூட்டம் குறுக்கே வர, இருவரும் விலகி, சுற்றி, மறுபடி நடந்தார்கள்.

பனி இறங்கினால் இருந்த இடத்தில் உட்கார்ந்துவிட வேண்டும். மலையில் எல்லோருக்கும் தெரியும். ஆனால் உட்காருவது வெளியூர்க்காரன் வேலை என்கிற திமிர் மலைக்காரனுக்குக் கூடவே பிறந்தது, என்ன செய்ய!

"பொறந்து வளர்ந்த மலை. கண்ணைக் கட்டிவிட்டாலும் போவேன். வா பின்னாலயே" என்று முசல்லம் முன்னால் போனான்.

அலைச் சத்தம் எல்லாப் பக்கமும் கேட்டது. பனிக்குள்ளிருந்து அதே காட்டத்தி எழுந்து வந்தது, இடப்பக்கம் சாய்ந்தபடி. தும்னா கேமராவைத் திறந்து, விளிம்பில் நின்று திரும்பி எடுத்த படத்தைப் பார்த்தாள். அதில் மரம் வலப்பக்கம் சாய்ந்திருந்தது. வண்டியை நோக்கிப் போனால் அப்படித்தானே தெரிய வேண்டும்? அப்படியென்றால் அவர்கள் கடலை நோக்கிப் போகிறார்கள்.

"அண்ணே! நில்லு!"

"இன்னொரு படமா?" சிரிப்பு மட்டும் கேட்டது. பிறகு மண் சரியும் சத்தம். ஒரு கல் உருண்டது. அது விழுந்த சத்தம் வரவே இல்லை.

"தும்னா..." அது அண்ணன் குரல் மாதிரியே இல்லை. "காலுக்குக் கீழ ஒண்ணுமில்லடி. புல்லைப் பிடிச்சிருக்கேன். நீ எந்தப் பக்கம் இருக்கே? பேசு!"

பேச வாய் திறந்தாள். காற்றுதான் வந்தது. விரல் மட்டும் பழக்கத்தில் கேமரா பொத்தானை அழுத்தியது. டக்.

"அதான்! யா அல்லா, அந்தச் சத்தம்தான்! அழுத்து, விடாம அழுத்து!"

டக். டக். டக். புல்லைப் பிய்க்கும் சத்தமும் மூச்சிரைப்பும் நெருங்கி வந்தன. நடுவில் ஒருமுறை எல்லாம் நின்றுபோனது. அவள் அழுதுகொண்டே அழுத்தினாள். கடைசியில் சேறு அப்பிய கை ஒன்று அவள் கணுக்காலை இறுக்கிப் பிடித்தது.

இருவரும் மரத்தடியில் ஒருவரையொருவர் பிடித்தபடி உட்கார்ந்தார்கள். வெகுநேரம் கழித்து அவள் கேமராவை அணைக்கப் போனாள்.

முசல்லம் அவள் கையைப் பிடித்துக்கொண்டான். "அணைக்காதடி. பனி விலகுற வரைக்கும் அந்தச் சத்தம் கேட்டுக்கிட்டே இருக்கட்டும்."