பீரோவில் பூட்டிய சோப்பு

2024 ஜூலை 9, செவ்வாய்க்கிழமை, முற்பகல் பதினொன்று நாற்பது. குன்னத்திற்குத் தெற்கே ஒரு சிற்றூரின் அங்கன்வாடியில் இருபத்திரண்டு குழந்தைகள் தட்டுகளோடு அமர்ந்திருந்தார்கள். சோறும் சாம்பாரும் வெந்து இறங்கியிருந்தன. பீரோவுக்குள் உறை பிரிக்காத சோப்புகள் ஆறு இருந்தன. குழாயடியில் ஒன்றுகூட இல்லை.

உதவியாளர் வேம்பு சோற்றுக் குண்டானை மூடி, அதன்மேல் கரண்டியைக் குறுக்கே வைத்தாள்.

"டீச்சர், சோப்பை எடுத்துக் குடுங்க. அதுவரைக்கும் இது தொறக்காது."

"காக்கா தூக்கிட்டுப் போனா நீயா பதில் சொல்லுவ?" என்றார் ஜெயலட்சுமி டீச்சர். "இன்னிக்கு மேடம் வராங்க. ஆறும் புதுசா அப்படியே இருக்கணும்."

போன மாதம் காக்கை இரண்டு சோப்புகளைக் கொண்டுபோனது உண்மைதான். அன்றிலிருந்து சோப்பு பீரோவுக்குள் போயிற்று. குழந்தைகளுக்குக் கை கழுவும் பாட்டு மட்டும் மிஞ்சியது. சென்ற வாரம் நான்கு பேருக்கு வயிற்றுப்போக்கு. நான்கு வயதுப் பிரவீணா பெரம்பலூரில் மூன்று நாள் குளுக்கோஸ் ஏற்றிக்கொண்டு கிடந்து, அன்றுதான் திரும்பியிருந்தாள். ஊசி குத்திய இடம் இன்னும் கன்றியிருந்தது. வேம்புவின் கண் அதை விட்டு நகரவில்லை.

"நான் மேல எழுதிப் போட்டேன்னா ஒன் வேலை போயிடும், பாத்துக்க," என்றார் டீச்சர்.

"போடுங்க. நாளைக்கே வெங்காயம் புடுங்கப் போயிடறேன். இந்தப் புள்ளைங்க மறுபடி ஊசி குத்திக்கிட்டுக் கெடக்கக் கூடாது."

அந்நேரம் டீச்சர் எதிர்பார்த்திருந்த மேடம், மேற்பார்வையாளர், உள்ளே வந்தார். டீச்சர் அவசரமாகக் கைதட்டினார். குழந்தைகள் எழுந்து பாடினார்கள். உள்ளங்கை, புறங்கை, விரலிடுக்கு, நகம் என ஒன்றையும் விடாமல் தேய்த்தார்கள்; கைகளைக் காற்றில் உதறினார்கள்; ஒரு சொட்டுத் தண்ணீர் படாமல் மீண்டும் சாப்பிட அமர்ந்தார்கள்.

மேற்பார்வையாளர் திகைத்தார். "தண்ணி எங்க? சோப்பு எங்கம்மா?"

"சோப்பு பீரோவுல தூங்குது," என்றாள் பிரவீணா.

டீச்சரின் முகம் வெளிறியது. அதைப் பார்த்தும் பாராதவராய், மேற்பார்வையாளர் சோற்றை ருசிபார்க்கக் குண்டானை நோக்கிக் கை நீட்டினார். வேம்பு மூடியை அழுத்திப் பிடித்தாள்.

"கோச்சுக்காதீங்க மேடம். நீங்களும் பஸ்ஸுல கம்பியப் புடிச்சுக்கிட்டுதான் வந்திருக்கீங்க. கழுவிட்டு வாங்க."

"வேம்பு!" என்று அதட்டினார் டீச்சர். வேம்பு கையை எடுக்கவில்லை.

மேற்பார்வையாளர் தம் உள்ளங்கையை ஒருமுறை பார்த்துக்கொண்டார். பிறகு அதே கையை டீச்சரிடம் நீட்டினார். "சாவி."

அன்று முடிவானது இது: சோப்பை வெங்காய மூட்டையின் வலைத்துண்டில் முடிந்து குழாயிலேயே கட்டித் தொங்கவிட வேண்டும். பீரோச் சாவி வேம்புவிடம் இருக்கும். வருபவர் யாராயினும், கழுவாத கைக்குச் சோறு கிடையாது. வேம்புவை வேலையிலிருந்து நீக்குவதில்லை. எனினும், எதிர்த்துப் பேசியதற்கு அவளிடம் எழுத்துமூலம் விளக்கம் பெறப்படும். வேம்பு அங்கேயே எழுதிக் கொடுத்தாள்: "பேசியது உண்மை. சோப்பைப் பூட்டினால் மறுபடியும் பேசுவேன்."