ஜெஃப்ரியின் சொந்தக் குரல்

நெம்மேலியில் ஜெஃப்ரியின் வீட்டுக்கு வழி கேட்டால், "யாரு, சாவற தொரையா?" என்று திருப்பிக் கேட்பார்கள். அவர்களைச் சொல்லிக் குற்றமில்லை. தமிழ் சினிமா இருபது வருஷமாக அவருக்கு அந்த ஒரு வேலையைத்தான் கொடுத்தது. கலெக்டர், ஜெயிலர், சாட்டை பிடித்த எஸ்டேட் துரை என்று தொப்பி மாறும். இடைவேளைக்குப் பிறகு ஆள் காலி. சுட்டார்கள், வெட்டினார்கள், குதிரையிலிருந்து உருட்டிவிட்டார்கள். பேச மட்டும் விடவில்லை. "ஒன், டூ, த்ரீ சொல்லி வாயசைங்க சார், மத்தத டப்பிங்ல பாத்துக்கலாம்" என்பார்கள்.

அதற்கு முன் இங்கிலாந்திலும் பெரிதாக ஒன்றும் கிழித்துவிடவில்லை. டெலிவிஷனில் கதவு திறந்துவிடும் வேலைக்காரன், மழையில் நிற்கும் போலீஸ்காரன், கம்பளத்தில் கிடக்கும் பிணம். முகத்தை எல்லோருக்கும் தெரியும், பேர் ஒருவருக்கும் தெரியாது. ஒரு படத்துக்காகச் சென்னைக்கு வந்தவர், மனைவி இறந்த பிறகு காலியாகக் கிடந்த வீட்டுக்குத் திரும்ப மனசில்லாமல் இங்கேயே தங்கிவிட்டார்.

குடியிருந்தது ரூத்தின் வீட்டு மாடியில். ரூத் திருப்போரூரில் ஒரு பல் டாக்டரிடம் ரிசப்ஷனில் இருக்கிறாள். சின்ன வயசிலேயே அப்பாவை இழந்தவள். அந்த இடத்தில் யாரையும் வைக்கக்கூடாது என்றிருந்தாள். ஜெஃப்ரி அங்கிள் எப்போது வந்து உட்கார்ந்தார் என்று அவளுக்கே தெரியாது. அவர் தமிழ் முழுக்க அவள் அடுப்படியில் கற்றது. "இன்னா ரூத்தம்மா, சங்கரா மீன் கெடச்சுதா?" என்று மாடியிலிருந்து அவர் கேட்டால், புது ஆட்கள் பக்கத்து வீட்டுக்காரர் என்றே நினைப்பார்கள்.

போன வருஷம் இரண்டு செய்தி ஒன்றாக வந்தது. தொண்டையில் புற்றுநோய், குரல்வளையை எடுத்தாக வேண்டும் என்றார் செங்கல்பட்டு டாக்டர். அதே வாரம் ஹரிஹரன் என்ற துணை இயக்குநர் வந்தான். உப்பளத்துத் துரை வேஷம். சாகத்தான் போகிறார், ஆனால் சாகுமுன் ஒரு பக்க வசனம், அதுவும் தமிழில். "உங்க தமிழ்லயே பேசுங்க சார்" என்றான்.

ஜெஃப்ரி ஆபரேஷனைத் தள்ளிப் போட்டார்.

"அங்கிள், பைத்தியமா புட்ச்சிகீது ஒங்களுக்கு? உசுரு பெருசா, படம் பெருசா?" ரூத் கத்தினாள்.

"ரூத்தம்மா, என் கொரலு எங்கியுமே இல்ல. இந்த ஒண்ணுல இருக்கட்டும். அப்புறமா டாக்டர் எடுத்துக்கட்டும்."

ஒத்திகை அவள் அடுப்படியிலேயே நடந்தது. இட்லிக்கு ஆட்டும்போதும் வசனம், மீன் கழுவும்போதும் வசனம். "எங்க ஊரு இன்னாத்துக்கு எனக்கு? என் வூடு இங்கதான் கீது. என்ன இங்கியே போடுங்க." படப்பிடிப்பு முடிந்தது. வலியோடு வடபழனிக்குப் போய் டப்பிங்கும் பேசிவிட்டு வந்தார். மறுநாள் ஆஸ்பத்திரியில் சேர்ந்தார். திரும்பி வந்தபோது கழுத்தில் ஒரு துளை இருந்தது, குரல் இல்லை.

படம் வந்ததும் ரூத் லீவு போட்டு அவரைச் செங்கல்பட்டுத் தியேட்டருக்கு அழைத்துப் போனாள். கழுத்துத் துளையை மெல்லிய துண்டால் மறைத்திருந்தார். இடைவேளைக்குக் கொஞ்சம் முன்னால் அந்தக் காட்சி வந்தது. உப்பு மேட்டில் துரை சாய்ந்து கிடந்தார். உதடு அசைந்தது.

"நான்... போகாது மேன்! இது... என் வீடு இருக்கு!"

கரகரத்த, அரைகுறைத் தமிழ் பேசிய, யாருடையதோ குரல். தியேட்டர் விசிலடித்தது. பக்கத்தில் திரும்பிப் பார்க்க ரூத்துக்குத் துணிச்சல் வரவில்லை.

இடைவேளை விளக்கு போட்டதும் வெளியே ஓடி ஹரிஹரனுக்கு போன் அடித்தாள்.

"இன்னா சார் வேல பண்ணி வச்சிகீறீங்க? எங்க அவரு கொரலு?"

"அக்கா, நான் எவ்ளோ சண்ட போட்டேன் தெரியுமா? போட்டுக் காட்டுனப்போ பாத்தவங்க எல்லாம், வெள்ளக்காரருக்கு யாரோ நம்மாளு டப்பிங் குடுத்திருக்கான், ஒட்டவே இல்லன்னு சொல்லிட்டாங்க. அவரு அவ்ளோ நல்லா பேசிட்டாருக்கா. அதனால வேற ஆள வச்சு, தொர மாதிரி பேச வச்சாங்க."

"அப்ப அவரு பேசுனத எனக்காச்சும் குடுங்க."

"அத அழிச்சிட்டாங்கக்கா" என்றான்.

உள்ளே போய் அவரிடம் என்ன சொல்வது என்று வழியெல்லாம் யோசித்தாள். அவர் சொல்லவே விடவில்லை. போனில் தமிழில் தட்டி நீட்டினார்: "அந்த ஆளும் நல்லாத்தான் பேசிகீறான்."

படம் முடிந்து வெளியே வந்தபோது குடும்பத்தோடு வந்த ஒருவர் வழி மறித்தார். "சார், உப்பளத் தொர நீங்கதான? வாய்ஸ் செம்ம சார்! அந்த டயலாக்க ஒரு தபா பேசுங்க, ரீல்ஸ் போடறேன்."

"ஒடம்பு சரியில்லண்ணா அவருக்கு, வுட்டுடுங்க" என்று ரூத் குறுக்கே வந்தாள்.

ஜெஃப்ரி அவளை மெல்ல விலக்கினார். துண்டைச் சரிசெய்துகொண்டு கேமராவைப் பார்த்தார். உதடுகள் அசைந்தன. எங்க ஊரு இன்னாத்துக்கு எனக்கு, என் வூடு இங்கதான் கீது. ஒரு சொல்லைக்கூட விடவில்லை. அடுப்படியில் நிறுத்தின இடத்தில் நிறுத்தி, மூச்சு விட்ட இடத்தில் மூச்சு விட்டு, முழுசாகப் பேசி முடித்தார். சத்தம் மட்டும் வரவில்லை.

அந்த ஆள் போனைக் காதருகே வைத்துப் பார்த்தார். "ஆடியோவே ஏறல சார். பரவால்ல, படத்துலேந்து ஒங்க வாய்ஸ எடுத்து மேல போட்டுக்கறேன்."

ஜெஃப்ரி சிரித்தபடி சரியென்று தலையாட்டினார். ரூத் அந்த வாசலிலேயே, ஜனங்கள் பார்க்கப் பார்க்க, வாய்விட்டு அழுதாள்.