ஜெரோமின் கீழுதடு

நாற்பத்தாறு வயதில் சினிமாவுக்குக் கூப்பிட்டபோது ஜெரோம் முதலில் வேண்டாமென்றுதான் சொன்னார். கருமத்தம்பட்டியில் தோட்டக்கூலிக்குப் போனவரின் மகன் அவர். சர்ச் பேண்டில் தொடங்கி, கேசட்டைத் தேயத் தேயக் கேட்டு, தானாகவே ஜாஸ் பழகி, அவிநாசி ரோட்டில் ஒரு பெரிய ஓட்டலில் சனிக்கிழமைதோறும் சாக்ஸபோன் வாசித்துக்கொண்டிருந்தார். எதிரே இருப்பவர்களில் பாதிப்பேருக்குப் பிரியாணியில்தான் கவனம். அதைப் பற்றி அவருக்குக் கவலையில்லை. பின்னால் டிரம்ஸில் கோட்டைமேட்டு ரசாக் இருந்தால் போதும். வாசிப்பு எந்தப் பக்கம் போகிறது என்று பேசிக்கொள்ளாமலே கிளம்புவார்கள். சொல்லிவைத்தாற்போல் ஒரே இடத்தில் வந்து நிற்பார்கள்.

அங்கே சாப்பிட வந்த டைரக்டர் ஒருவர்தான் கேட்டார். குடிகார பேண்டுக்காரர் வேஷம். கதாநாயகனிடம் அடிவாங்கி விழவேண்டும். ஒரு நாள் வேலை.

"போயிட்டு வாங்க ஜெரோமு," என்றார் ரசாக். "படத்துல பாத்தாங்கன்னா, நம்ம வாசிக்கறதக் கேக்கறதுக்கும் நாலு பேரு வருவாங்கல்ல?"

மேட்டுப்பாளையத்தில் ஒரு பாக்குத்தோப்பில் படப்பிடிப்பு. மூன்றாவது டேக்கில் கதாநாயகனின் முழங்கை குறி தப்பி வந்தது. மேல்வரிசை முன்பல் இரண்டும் தெறித்தன. கீழுதடு கிழிந்து தொங்கியது. தரையில் கிடந்த ஜெரோமின் காதில் யாரோ கைதட்டுவது விழுந்தது. அத்தனை நிஜமாக இருந்ததாம். அந்த டேக்கையே படத்தில் வைத்தார்கள்.

உதட்டைத் தைத்துப் பல்லும் கட்டினார்கள். உணர்ச்சிதான் திரும்பவில்லை. டீ வாயோரம் வழிவது அவருக்குத் தெரியாது. மனைவி ராசாத்தாள் முந்தானையால் துடைக்கும்போதுதான் தெரியும். சாக்ஸபோனை வாயில் வைத்தால் காற்று ஒரு பக்கமாகக் கசிந்தது. நரம்பு போய்விட்டது, இனி வராது என்றார் டாக்டர்.

"நாந்தான உங்களப் போகச் சொன்னேன்," என்று ரசாக் வீட்டுக்கு வந்து அழுதார்.

"முழங்கை உங்களுதா பாய்? சும்மா இருங்க," என்றார் ஜெரோம்.

ஓட்டல்காரர்கள் ஆறு மாதம் பார்த்துவிட்டு வேறு ஆள் வைத்துக்கொண்டார்கள். ஆனால் கோணிப்போன அந்த உதடு சினிமாக்காரர்களுக்குப் பிடித்துவிட்டது. அடியாள், திருடன், கந்துவட்டிக்காரன் என்று வரிசையாக வேஷங்கள். எட்டு வருஷத்தில் இருபது படத்துக்கு மேல். எல்லாவற்றிலும் அடி வாங்கினார். பஸ்ஸில் ஏறினால், "அட, அடிவாங்கறவரு!" என்று சிரித்து இடம் கொடுத்தார்கள்.

பிறகுதான் அந்தப் பெரிய வேஷம் வந்தது. கதாநாயகியின் அப்பா, சாக்ஸபோன் கலைஞர். மகளின் சவத்துக்கு முன்னால் நின்று வாசிக்கும் காட்சி. சென்னையில் யாரோ வாசித்துப் பதிந்ததை ஸ்பீக்கரில் போட்டார்கள். விரல்கள் எட்டு வருஷம் கழித்தும் இடம் தப்பாமல் ஓடின. தன்னை மறந்து ஜெரோம் ஊதிவிட்டார். காற்றும் எச்சிலுமாக ஒரு சத்தம் எழுந்தது.

"ஊதாதீங்க சார், நடிச்சாப் போதும்," என்றார் உதவி டைரக்டர்.

நடித்தார். அழச் சொல்லத் தேவையிருக்கவில்லை. படம் ஓடியது. அவர் வாசித்ததாகவே ஊர் முழுக்க நம்பியது. தேர்த்திருவிழாவுக்கு வாசிக்கவேண்டும் என்று சர்ச் கமிட்டியினர் வந்தார்கள். முடியாதென்றார். தன்னடக்கம் என்று நினைத்து நோட்டீஸில் பெயரைப் போட்டுவிட்டார்கள். அதைப் பார்த்து ரசாக் டிரம்ஸோடு வந்து இறங்கினார்.

"திரும்ப ஊத வருதுங்களா?" என்று கேட்டபோது ரசாக்கின் முகத்திலிருந்த ஆசையைப் பார்த்து ஜெரோமால் இல்லையென்று சொல்ல முடியவில்லை. ஊத வராதென்று தெரிந்தும் மேடையேறினார்.

ஊதினார். காற்றும் எச்சிலும்தான் பீறிட்டன. மறுபடி ஊதினார். முன்வரிசையில் யாரோ சிரித்தார்கள். அதை மறைக்க ரசாக் பின்னாலிருந்து ஓங்கி ஓங்கி அடிக்க ஆரம்பித்தார். ஜெரோம் திரும்பி, போதும் என்று கை காட்டினார். பிறகு மைக்கைப் பிடித்தார்.

"படத்துல வாசிச்சது நானில்லீங்க. என்னால ஊத முடியாது. எட்டு வருசத்துக்கு மேலாச்சுங்க. ஒரு ஷூட்டிங்ல வாயி போயிருச்சு."

விசில் பறந்தது. படத்தில் வருகிற மாதிரி வசனம் பேசுகிறார் என்று நினைத்து ஜனம் எழுந்து நின்று கைதட்டியது. "நெசமாத்தாஞ் சொல்றனுங்க," என்று அவர் கத்தியது அந்தச் சத்தத்தில் எடுபடவில்லை. ராசாத்தாள் கூட்டத்தை விலக்கிக்கொண்டு மேடைக்கு வந்து அவர் கையைப் பிடித்தாள்.

"ஊட்டுக்குப் போலாம் வாங்க."

ரசாக் டிரம்ஸை அப்படியே போட்டுவிட்டு மறுகையைப் பிடித்துக்கொண்டார். தேர் கிளம்பிக்கொண்டிருந்தது. செல்ஃபியெடுக்க மொய்த்தவர்களைத் தாண்டி மூவரும் ரோட்டுக்கு வருவதற்குள் ஜெரோமின் சட்டை எச்சிலில் நனைந்திருந்தது.