கம்பி இல்லாத இடத்தில் ஒரு கால்

ஒரு சினிமாவை முழுசாகப் பார்த்த மனிதன் இந்தியாவிலேயே ஒருவன்தான். அவன் பட்டாபிராமில் இருக்கிறான், பி.எஸ்ஸி. இரண்டாம் வருடம் படிக்கிறான். இதைச் சொன்னது உத்தமன். தன்னைப் பற்றித்தான் சொன்னான், சிரிக்காமல் சொன்னான். மற்றவர்கள் எல்லாம் கதாநாயகனைப் பார்த்துவிட்டு எழுந்து வருகிறார்களாம். இவன் கதாநாயகனுக்குப் பின்னால் பூக்கூடையோடு நிற்கிறவள் யார், அவள் போன படத்தில் எந்தக் கூட்டத்தில் நின்றாள் என்பது வரைக்கும் பார்க்கிறானாம். பாட்டனி பரீட்சையில் இரண்டு முறை பெயிலானதற்கும் இதுதான் காரணம் என்று வீட்டில் நினைத்தார்கள்.

டென்ட் கொட்டாயில், ரசிகர்கள் அண்ணன் என்று கூப்பிடும் நடிகரின் பழைய படம் ஒன்று ஓடிக்கொண்டிருந்தது. அண்ணன் கடற்கரையில் உட்கார்ந்து அழுவார். அவருக்குப் பின்னால், கையில் டிபன் கேரியரோடு ஒரு ஆள் முதுகைக் காட்டி நடந்து போவான். நாலே செகண்டு. அந்த ஆள் யார் என்பதில்தான் ரசிகர் மன்றம் இரண்டாகப் பிளந்து கிடந்தது.

"அண்ணனே மாறுவேசத்துல வர்றாருடா" என்றான் மன்றத் தலைவன் வேம்புலி. "அந்த முதுகைப் பாரு. அண்ணன் முதுகு எனக்குத் தெரியாதா?"

"டைரக்டரோட மச்சான்" என்றான் பாஸ்கரன்.

"சாட்சி?"

"மச்சான் இல்லாம எவன் படம் எடுத்துக்கீறான்?"

ஆபரேட்டர் சுலைமான் பாய்க்கு இது பெரிய தொல்லையாகிவிட்டது. படம் ஊரை விட்டுப் போகுமுன் அந்த பிலிம் துண்டு வேண்டும் என்று ஆளாளுக்கு அவரை நச்சரித்தார்கள். "ஊருக்கு ஊர் வெட்டிக் குடுத்து, எட்டு செகண்டு இருந்தது நாலாயிட்ச்சி நைனா. ஞாயித்துக்கிழமை மன்றத்துல பேசி ஒரே ஒரு பேர் சொல்லுங்க, அவங்களுக்குத் தர்றேன்" என்று சொல்லிவிட்டார். உத்தமனை நீதிபதியாக்கினார்கள். படத்தை முழுசாகப் பார்த்தவன் வேறு யார் இருக்கிறான்?

ஞாயிற்றுக்கிழமை காலை, காலியான கொட்டாயில், மணல் மேட்டில் உட்கார்ந்து உத்தமன் முதலில் சட்டத்தைச் சொன்னான். "முகம், குரல், டைட்டில்ல பேர். இந்த மூணுல ஒண்ணாவது வேணும். மூணும் இல்லாதவன் படத்திலேயே இல்ல."

வேம்புலியின் முதுகும் பாஸ்கரனின் மச்சானும் ஐந்து நிமிடத்தில் தள்ளுபடி ஆயின. அப்போதுதான் பின்னாலிருந்து லூர்தம்மாள் எழுந்தாள். சர்ச்சில் பூசை முடிந்து நேராக வந்தவள், முக்காடுகூட எடுக்கவில்லை.

"அது எங்க ஊட்டுக்காரருப்பா. கிறிஸ்துதாஸு."

கிறிஸ்துதாஸ் பாரீஸ் கார்னரில் ஒரு பிரஸ்ஸில் அச்சுக் கோத்தவர். வேலை விட்டால் டிபன் கேரியரோடு கடற்கரைப் பக்கம் காற்று வாங்கப் போவாராம். செத்து இரண்டு வருஷம் ஆகிறது. எண்பத்தைந்து வெள்ளத்தில் வீட்டிலிருந்த போட்டோ எல்லாம் கூழாகிவிட்டது என்றாள் லூர்தம்மாள். கல்யாணப் போட்டோவில் இப்போது மாலை மட்டும்தான் தெரிகிறதாம். "மூஞ்சி இல்லாட்டிப் போவுது. முதுகு போதும் தம்பி."

"அவருன்னு எப்டிச் சொல்றீங்கக்கா?"

"நடுவுல ஒரு எடத்துல காலைத் தூக்கி வெக்கிறாரு, பாத்தியா? நம்ம மிலிட்டரி சைடிங்ல, தண்டவாளத்து ஓரமா, சிக்னல் கம்பி போவுதில்ல, சாண் ஒசரத்துல? டேசனுக்குப் போவ அதைத் தாண்டித்தான் ஆவணும். இருவது வருசம் தாண்டுனாரு. அப்புறம் கம்பி இல்லாத எடத்துலயும் எடது காலு தானா தூக்கும். ஊட்டுக்குள்ளகூட. கடக்கரைல ஏதுப்பா கம்பி?"

கூட்டம் மொத்தமும் அவள் பக்கம் திரும்பியது. சுலைமான் பாய் பீடியைக் கீழே போட்டார். இன்னொருத்தர் பேச்சைக் கூட்டம் கேட்பது உத்தமனுக்கு ஆகாது. வாய் அரித்தது.

"காலைத் தூக்கறது ஒரு சாட்சியாக்கா? நாய்கூடத்தான் தூக்குது."

கூட்டம் விழுந்து விழுந்து சிரித்தது. வேம்புலி மணலில் புரண்டான். லூர்தம்மாளும் முக்காட்டு நுனியால் வாயை மூடிக்கொண்டு சிரித்தாள். "நீ சொல்றதும் ஞாயந்தாம்பா" என்று சொல்லிவிட்டு, செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு போனாள். அந்த ஆள் யாருமில்லை என்று தீர்ப்பானது. துண்டு யாருக்கும் கிடையாது.

அந்த நாய் வசனம் மூன்று நாள் டீக்கடையில் ஓடியது. நன்றாகச் சொன்னோம் என்றுதான் உத்தமனும் நினைத்துக்கொண்டிருந்தான்.

வியாழக்கிழமை காலேஜ் வராண்டாவில் நடந்து போகும்போது கூட வந்தவன் கேட்டான். "இன்னா மச்சான், தரைல இன்னா கீது? தாண்டுறே?"

உத்தமன் குனிந்து பார்த்தான். வழவழவென்று சிமென்ட் தரை. ஒன்றுமில்லை.

"டெய்லி இங்க இப்டித்தான் ஒரு தூக்கு தூக்குறே. நான் ஏதோ டான்ஸுன்னு நெனச்சேன்."

அதற்கப்புறம் அவனால் ஒழுங்காக நடக்கவே முடியவில்லை. காலைக் கவனித்தால் தூக்கவில்லை. கவனிக்காதபோது தூக்கியதா என்று தெரியவில்லை. ஸ்கூல் நாளிலிருந்து, ஆறு வருஷமாக அவனும் அதே கம்பியைத் தாண்டித்தான் ரயில் பிடிக்கிறான். மத்தியான வகுப்பில் மிஸ் என்ன நடத்தினாள் என்று கேட்டால் சொல்லத் தெரியாது. லூர்தம்மாள் வாயை மூடிச் சிரித்தது மட்டும் தெரிந்தது. அது சிரிப்புதானா என்று முதல் முறையாகச் சந்தேகம் வந்தது.

கொட்டாய்க்கு ஓடினான். சுலைமான் பாய் வேறு படத்தின் சுருளை ஒட்டிக்கொண்டிருந்தார்.

"படப்பொட்டி காலைலயே வெள்ளானூர் கொட்டாய்க்குப் போயிட்ச்சி. ஏன், தீர்ப்பு மாறிட்ச்சா?" என்றார். "அந்தம்மா நேத்து கடைசி ஆட்டத்துக்கு வந்துச்சி. அந்த சீன் முடிஞ்சதும் எழுந்து போயிட்ச்சி."

வாடகை சைக்கிளை வெயிலில் மிதித்து வெள்ளானூர் போய்ச் சேர்ந்தபோது மணி நாலு. கொட்டாய் வாசலில் இரண்டு பேர் போஸ்டருக்குப் பசை கிண்டிக்கொண்டிருந்தார்கள். ஆபரேட்டர் குணசேகரன் கயிற்றுக் கட்டிலில் படுத்தபடியே விசாரித்தார்.

"துண்டு கேக்குறியே, யாரு அந்த ஆளு?"

"எங்க ஊர்க்காரரு. கிறிஸ்துதாஸுன்னு பேரு. அவரு ஊட்டம்மாவுக்குத்தான் கேக்குறேன்."

"மொகம் தெரியுதா?"

"இல்ல."

"பேசறாரா?"

"இல்ல."

"டைட்டில்ல பேர் வருதா?"

"இல்லண்ணே."

"அப்ப இன்னாத்த வெச்சி அவருன்றே?"

உத்தமன் புத்தகப் பையைக் கட்டில் ஓரம் வைத்தான். திரைக்கு முன்னால் இருந்த மணலில் ஒரு ஓரத்திலிருந்து மறு ஓரத்துக்கு, முதுகைக் காட்டிக்கொண்டு நடந்தான். நடுவில், ஒன்றுமே இல்லாத இடத்தில், இடது காலைச் சாண் உயரம் தூக்கி வைத்தான்.

பசை கிண்டுகிறவர்கள் பக்கென்று சிரித்தார்கள். "இன்னாடா இவன், நாய் மாரி தூக்குறான்?" என்றான் ஒருவன்.

குணசேகரன் எழுந்து உட்கார்ந்தார். "சரியாப் பாக்கல. இன்னொருக்கா நட."

உத்தமன் திரும்பிப் போய், முதலிலிருந்து நடந்தான்.