விநாடிக்குப் பதினெட்டு

டோனியின் கோர்த்த கைகளுக்குக் கீழே தனிஸ்லாஸ் கம்ப்யூட்டர் விளையாட்டுக்கான கறுப்புக் கண்ட்ரோலரைச் செருகிக்கொண்டிருந்தபோது, சிந்தியா கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்து அதைப் பிடுங்கினாள். விரல்களில் சுற்றியிருந்த செபமாலையும் கூடவே இழுபட்டு, அதன் சிலுவை சவப்பெட்டியின் விளிம்பில் டக்கென்று மோதியது. சுவரோரம் உட்கார்ந்து பாடிக்கொண்டிருந்த பெண்கள் வரியைப் பாதியிலேயே விட்டுவிட்டார்கள்.

"என்னா பண்ற நீ?" என்றான் தனிஸ்லாஸ்.

"இது வேணாம்."

"அவனுக்குன்னு வாங்கினு வந்தது சிந்தியா. அவங்கூடவே போவட்டும்."

"வேணாம்னா வேணாம்."

தலைமாட்டில் இருந்த அம்மா லூர்துசெல்வி நிமிர்ந்து பார்த்தாள். அழுது அழுது முகம் வீங்கியிருந்தது. "வுடுடி. அண்ணன் ஆசையா வெக்குது. புள்ள எதிர்ல சண்ட போடாதீங்க."

சிந்தியா தம்பியின் விரல்களில் செபமாலையை மறுபடி சுற்றினாள். உள்பக்கமாக மடங்கி, எப்போதோ நிமிர்வதை நிறுத்திவிட்ட விரல்கள். இந்த விரல்களில் எதைக்கொண்டு அந்தப் பட்டன்களை அழுத்துவானாம்? கண்ட்ரோலரைக் கையோடு எடுத்துப் போய்ச் சமையலறையில் அரிசி டின்னுக்குப் பின்னால் எறிந்தாள். திரும்பி வராமல் அங்கேயே நின்றாள். பக்கத்து வீட்டுச் செல்வாம்பாள் பின்னாலேயே வந்து தோளைத் தொட்டாள்.

"அழுதுடும்மா. மனசுல வெச்சிக்காத."

சிந்தியாவுக்கு அழுகை வரவில்லை. யாரையாவது அறைய வேண்டும் போலிருந்தது.

டோனிக்குத் தசை கரைகிற வியாதி. சின்ன வயதில் ஓடும்போது அடிக்கடி விழுந்தான். பிறகு படியேற முடியாமல் போயிற்று. பிறகு சக்கர நாற்காலி. அப்பா இறந்தபின் அம்மாவும் சிந்தியாவும்தான் அவனைத் தூக்கி உட்கார வைத்து, திருப்பிப் படுக்க வைத்துப் பார்த்துக்கொண்டார்கள். சேதராப்பட்டில் ஒரு கம்பெனி ஆபீசில் வேலைக்குச் சேர்ந்ததும் சிந்தியா முதலில் வாங்கியது அவனுக்கு ஒரு பழைய கம்ப்யூட்டர். உப்பளத்தில் இருந்த அவர்கள் வீட்டின் உள்ளறையில், ஜன்னலோரம் அதை வைத்தார்கள். அதில் எத்தனையோ விளையாட்டு இருந்தும் அவன் ஆடியது ஒரே ஒரு கார் பந்தயம்தான். மலைப்பாதை. ஒரு பக்கம் பாறை, ஒரு பக்கம் கடல். அந்தப் பாதையின் வளைவு ஒவ்வொன்றுக்கும் அவன் ஒரு பெயர் வைத்திருந்தான். ஒன்றுக்குச் சிந்தியாவின் மேனேஜர் பெயர்; ஆளை நம்பவே முடியாத வளைவு என்பான்.

ஒரு சமயம் அந்த வளைவுகளில் எல்லாம் பாறையில் மோத ஆரம்பித்தான். திருப்பு என்று மனம் சொல்லி, அது விரலுக்குப் போய்ச் சேர்வதற்குள் கார் மோதிவிடும். மெஷினைத் தொடாமல் கொஞ்ச நாள் ஜன்னலைப் பார்த்துக்கொண்டே இருந்தான். பிறகு இன்டர்நெட்டில் எங்கெங்கோ படித்துவிட்டு அக்காவைக் கூப்பிட்டான்.

"அக்கா, இது பழைய கேம். ஒரு செகண்டுக்கு எத்தன படம் காட்டுதோ, அதுக்கேத்த மாதிரிதான் காரே ஓடும். படத்த கொறைச்சிட்டா காரும் மெதுவா போவும்."

"கொறைக்க முடியுமா?"

"அதுக்குன்னு ஒரு சின்ன புரோகிராம் இருக்குது. ஃபிரேம் லிமிட்டு. அதுல ஒரு நம்பர் போட்டுட்டா அதுக்கு மேல ஏறாது."

எண்ணைத் தட்டியது சிந்தியாதான். அறுபதில் ஓடிக்கொண்டிருந்தது, நாற்பத்தைந்து ஆயிற்று. கார் நிதானமாக வளைவுக்கு வந்தது. விரல் அழுத்தும்வரை காத்திருந்ததுபோல வந்து, திரும்பியது. டோனி முழுப் பாதையையும் சுற்றிவிட்டு, மூச்சு வாங்க வாங்கச் சிரித்தான்.

அதன்பிறகு அவ்வப்போது, "அக்கா, கொஞ்சம் எறக்கேன்" என்பான். எதற்கு என்று அவள் கேட்டதில்லை. முப்பத்தாறு, முப்பது, இருபத்துநான்கு. டாக்டர் எதுவும் தனியாகச் சொல்ல வேண்டியிருக்கவில்லை. கடைசியாக வைத்தது பதினெட்டு. பதினெட்டில் படம் விட்டுவிட்டுத்தான் ஓடும். பார்க்கிறவர்களுக்கு மெஷின் கெட்டுப்போனதுபோலத் தெரியும். ஆனால் கார் பாறையில் மோதாது. கடலோரமாகவே ஊர்ந்து ஊர்ந்து போய் ஒரு சுற்று முடித்துவிடும்.

தனிஸ்லாஸ் பிரெஞ்சு நேஷனாலிட்டி உள்ள குடும்பத்தில் பெண் எடுத்துப் பாரீசுக்குப் போனவன். அங்கே ஏர்போர்ட்டில் சரக்கு ஏற்றும் வேலை. அவன் போகும்போது டோனி சுவரைப் பிடித்துக்கொண்டாவது நடந்துகொண்டிருந்தான். நான்கு வருடம் கழித்து லீவில் வந்தவன், வந்த அன்றைக்கே தம்பியின் நாற்காலிக்குப் பின்னால் நின்று திரையைப் பார்த்தான்.

"என்னாடா இது, விக்கி விக்கி ஓடுது?"

"பழைய மெஷின் அண்ணா. அப்படித்தான்" என்றான் டோனி.

சிந்தியா சொல்ல வாயெடுத்தாள். டோனி அவளை ஒரு பார்வை பார்த்தான். வாயை மூடிக்கொண்டாள்.

ஒரு வாரம் போயிருக்கும். அவள் வேலைக்குப் போயிருந்த நேரத்தில் புது மெஷின் வந்து இறங்கியது. பெரிய தட்டைத் திரை. பாரீசிலிருந்தே கொண்டுவந்த கண்ட்ரோலர். பழையதைக் கடைக்காரனே எக்சேஞ்சில் தூக்கிக்கொண்டு போய்விட்டான். அந்தக் கார் விளையாட்டை மட்டும் தனிஸ்லாஸ் மறக்காமல் புதியதில் ஏற்றியிருந்தான்.

"அதுல ஏதோ ஒரு புரோகிராம் கெடந்துச்சு சிந்தியா. அதான் கேம ஸ்லோ பண்ணினு இருந்திருக்குது. அத ஏத்தல. இப்ப பாரு எப்படிப் போவுதுன்னு." கண்டுபிடித்த பெருமை அவன் முகத்தில் இருந்தது.

கார் பறந்தது. கண் இமைப்பதற்குள் முதல் வளைவு வந்து, பாறை வந்து, முடிந்துவிட்டது. "சூப்பரா இருக்குண்ணா" என்றான் டோனி. அண்ணன் அவன் தலைமுடியைக் கலைத்துவிட்டு வெளியே போனான். டோனி பட்டன்மேல் விரலை வைத்தபடி சும்மா இருந்தான். திரையில் கார் பாறையில் முட்டிக்கொண்டு, சக்கரம் மட்டும் சுற்றிக்கொண்டிருந்தது.

"நான் சொல்லிடறேன்டா" என்றாள் சிந்தியா, தாழ்ந்த குரலில்.

"சொல்லாத. எவ்ளோ ஆசையா வாங்கியாந்திருக்குது. என் கை இவ்ளோ தூரம் போயிடுச்சின்னு அதுக்குத் தெரிய வேணாம். அது ஊருக்குப் போறவரைக்கும்தான. அப்பறம் நீ மாத்திக் குடுத்துடு."

அவள் அதற்குக் காத்திருக்கவில்லை. மறுநாளே அந்தக் கடைக்குப் போய்ப் பழைய மெஷினைக் கேட்டாள். உள்ளே இருந்ததையெல்லாம் அழித்துவிட்டார்கள். புரோகிராமின் பெயர் அவளுக்குச் சரியாக ஞாபகம் இல்லை. டோனியைக் கேட்டால் வேண்டாம் என்பான். பிரௌசிங் சென்டரில் உட்கார்ந்து தேடித் தேடி, ஒருவழியாகக் கண்டுபிடித்து, சிடியில் எழுதி வாங்கிக்கொண்டு வந்த சாயங்காலம் வீடு பூட்டியிருந்தது. டோனிக்கு மூச்சு முட்டிவிட்டது, ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோயிருக்கிறார்கள் என்று செல்வாம்பாள் சொன்னாள். நெஞ்சில் சளி கட்டியிருந்தது. இருமித் தள்ள அவனுக்குச் சக்தி இல்லை. மறுநாள் காலையில் போய்விட்டான்.

கோயிலில் தனிஸ்லாஸ் முதல் வரிசையில் அம்மாவைத் தாங்கிப் பிடித்துக்கொண்டு நின்றான். வந்தவர்கள் எல்லாம் அவன் கையைத்தான் பிடித்தார்கள். பூசை முழுவதும் சிந்தியா எதையும் கேட்கவில்லை. அவன் சட்டையின் பின்கழுத்தையே பார்த்துக்கொண்டு நின்றாள். கல்லறையில் மண் போடும்போது இரண்டு கையாலும் அள்ளி வீசினாள். பெட்டியின்மேல் கல் விழுந்ததுபோலச் சத்தம் கேட்டது. பக்கத்தில் நின்றவர்கள் அவளைத் திரும்பிப் பார்த்தார்கள்.

வெளியே வரும்போது செல்வாம்பாளின் புருஷன் இராமதாஸ் தனிஸ்லாசின் தோளில் கை போட்டுக்கொண்டு நின்றிருந்தார்.

"கடைசி ஒரு வாரம் அவன் மொகத்த நீங்க பாத்திருக்கணும் மாமா" என்று சொல்லிக்கொண்டிருந்தான் தனிஸ்லாஸ். குரல் உடைந்திருந்தது. "எத்தன வருஷமா அந்த ஓட்ட மெஷின வெச்சினு கஷ்டப்பட்டானோ. புதுசுல கார் அப்படியே பறக்கும். அதுல ஒரு சந்தோஷம் அவனுக்கு."

"கடைசி காலத்துல வந்து செஞ்சியே, அது போதும்பா. உன்ன மாதிரி அண்ணன் யாருக்குக் கெடைக்கும்?"

வேனில் ஏறச் சொல்லி அம்மா கூப்பிட்டாள். சிந்தியா ஏறவில்லை. வெயிலில் தனியாக நடந்தே வீட்டுக்கு வந்தாள்.

மத்தியானத்துக்குமேல் கூட்டம் கலைந்தது. அம்மா கூடத்தில் பாயைப் போட்டுச் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துவிட்டாள். தனிஸ்லாஸ் உள்ளறையில் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்து, திரையின்மேல் படிந்திருந்த தூசியைக் கைக்குட்டையால் துடைத்துக்கொண்டிருந்தான்.

"இத எதுனா அநாத இல்லத்துக்குக் குடுத்துடலாமா? டோனி பேர எழுதி ஒட்டி" என்றான். "அவன் சந்தோஷமா ஆடினது."

"அவன் ஆடவே இல்ல."

"என்னா?"

"நீ வாங்கியாந்ததுல அவன் ஒரு தடவகூட ஆடல. ஊர்பூரா சொல்லினு திரியறியே, பறந்தான், பறந்தான்னு. முதல் வளைவ அவனால தாண்ட முடியல."

தனிஸ்லாஸ் கைக்குட்டையை மடித்தான். "சூப்பரா இருக்குன்னானே."

"நாலு வருஷம் கழிச்சி வந்து நிக்கிற. வேற என்னா சொல்லுவான்? மெஷின் ஸ்லோ இல்ல. அவன் கைதான் ஸ்லோ. அந்தக் கைக்கு ஏத்த மாதிரி கேம நாங்க கொஞ்சம் கொஞ்சமா எறக்கினு வந்தோம். நீ தேவையில்லன்னு வுட்டியே, அந்தப் புரோகிராம்தான் அது. அவனுக்குன்னு இருந்தது அது ஒண்ணுதான். அதையும் கடைக்காரன்கிட்ட தூக்கிக் குடுத்துட்ட. இது என்னாத்துக்குடான்னு ஒரு வார்த்த அவன கேட்டியா?"

அவன் எழுந்துகொண்டான். முகம் சிவந்திருந்தது. "உனக்குத் தெரியும் இல்ல? தெரிஞ்சினேதான சும்மா இருந்த? என்கிட்ட ஒரு வார்த்த சொல்லியிருந்தா அன்னைக்கே மாத்தியிருக்க மாட்டேனா? அவன பொதச்சிட்டு வந்து இப்ப சொல்ற."

"சொல்ல வேணாம்னு கெஞ்சினான்."

"அவன் கெஞ்சுவான். நீ பெரியவ இல்ல?"

அந்தக் கேள்வி அவளை இன்னும் கொதிக்க வைத்தது. கூடத்து ஆணியில் மாட்டியிருந்த ஆபீஸ் பையை எடுத்து வந்தாள். சாப்பாட்டு டப்பாவைத் தள்ளிவிட்டு, அடியில் கிடந்த சிடியை எடுத்து மேசைமேல் எறிந்தாள். அது சறுக்கிக்கொண்டு போய்த் திரையின் காலில் முட்டி நின்றது.

"ஏத்து. பதினெட்டுன்னு போடு. போட்டு நீயே ஆடிப் பாரு."

அவன் அவளையும் சிடியையும் பார்த்தான். பிறகு உட்கார்ந்தான். ஏற்றினான். எண்ணைக் கேட்டு ஒரு கட்டம் வந்தது. பதினெட்டு என்று தட்டினான்.

கார் விட்டுவிட்டு நகர்ந்தது. வளைவைப் பார்த்ததும் தனிஸ்லாஸ் திருப்பினான். கார் இன்னும் வளைவுக்கே வந்து சேரவில்லை. முன்கூட்டியே திரும்பிப் பாறையில் முட்டியது. மறுபடி தொடங்கினான். மறுபடியும் முந்திக்கொண்டு திருப்பினான். மூன்றாவது தடவை விரலை அடக்கிப் பார்த்தான். முடியவில்லை.

"இவ்ளோ மெதுவாவா?" என்றான், திரும்பிப் பார்க்காமல்.

"போன மாசம் இதுவே அவனுக்கு வேகமா இருந்துச்சு. இன்னும் எறக்கலாமான்னு கேட்டான். எறக்கினா படம் நின்னுடும்டான்னேன்."

தனிஸ்லாஸ் மறுபடி காரைக் கிளப்பினான். அவன் அழுவதைப் பார்க்க அவளுக்கு விருப்பமில்லை. அழாமல் இருந்தால் அதையும் பார்க்கப் பொறுக்காது. கூடத்துக்கு வந்து துடைப்பத்தை எடுத்தாள். சவப்பெட்டி இருந்த இடத்தில் ரோஜா இதழ்கள் மிதிபட்டுத் தரையோடு ஒட்டிக் கிடந்தன. பரபரவென்று தேய்த்துத் தள்ளினாள். உள்ளறையில் கார் ஓடுகிற சத்தம். பாறையில் மோதுகிற சத்தம். மறுபடி ஓடுகிற சத்தம். மோதல். பிறகு மோதல்களுக்கு நடுவே இடைவெளி கூடிக்கொண்டே போயிற்று.

பாயில் அம்மா அசைந்தாள். கண்ணைத் திறக்கவில்லை.

"சத்தத்த கொறைடா" என்றாள், டோனியிடம் எப்போதும் சொல்வதுபோல, தூக்கம் கலையாத குரலில்.

சிந்தியாவின் கை நின்றது. உள்ளறையில் நாற்காலி ஒருமுறை கிறீச்சிட்டது. சற்றுநேரம் கழித்துச் சத்தம் குறைந்தது. கார் ஓடிக்கொண்டுதான் இருந்தது.

சிந்தியா துடைப்பத்தைச் சுவரில் சாய்த்துவிட்டுக் குனிந்து, தரையில் உறைந்திருந்த மெழுகை நகத்தால் சுரண்ட ஆரம்பித்தாள்.